வரைந்த கைக்கு வாழ்வு எங்கே?

ஜப்பானியப் பொழுதுபோக்குக் கலைகளைப் பற்றி நம்மிடையே இருவகைப் பேச்சுகள் உலவுகின்றன. முதலாவது அச்சத்தின் பேச்சு. அகன்ற விழிகளும் கூரிய தலைமுடியும் கொண்ட அந்தச் சித்திர மாந்தர் நம் பிள்ளைகளைக் கெடுத்துவிடுவர், பெற்றோரை எதிர்த்துப் பேசக் கற்பிப்பர், நம் பண்பாட்டை அரித்துவிடுவர் என்று அது புலம்பும். இரண்டாவது ஆரவாரத்தின் பேச்சு. போரில் தோற்ற நாடு தூரிகையால் உலகை வென்றது பாரீர் என்று அது முழங்கும். இவை எதிரெதிர்த் திசையில் நிற்பனபோல் தோன்றினும் ஒரு குறையில் உடன்பிறப்புகளே. திரையில் அசையும் உருவத்தை இரண்டும் பார்க்கின்றன; அதை அசைத்த மனிதரை இரண்டுமே பார்ப்பதில்லை.

இக்குறையைக் கண்டிக்கவே எழுதுகிறோம். ஒரு கலை எத்தனை நாடுகளைக் கவர்ந்தது என்பதைக் கொண்டு அதன் வெற்றியை அளப்பது போதாது. அதைப் படைத்தோர் மனிதராக வாழ முடிகிறதா என்று கேட்ட பின்னரே வெற்றி என்னும் சொல்லை வாயால் உச்சரிக்க வேண்டும் என்பது நம் துணிபு.

அச்சம் எங்கும் வென்றதில்லை

முதலில் அச்சத்தின் பேச்சை எடுத்துக்கொள்வோம். அது புதிதன்று. 1978-இல் பிரான்சு நாட்டுத் தொலைக்காட்சியில் 'கோல்டோராக்' என்ற பெயருடன் ஜப்பானிய இயந்திர வீரன் ஒருவன் தோன்றினான். சிறுவர் உலகமே அவன் பின்னால் ஓடியது. பெரியோர் பதறினர். பிற்காலத்தில் குடியரசுத் தலைவர் தேர்தலில் போட்டியிட்ட செகோலேன் ருவாயால், 1989-இல் இத்தகைய தொடர்களைச் சாடி ஒரு நூலே எழுதினார். இன்று ஜப்பானுக்கு வெளியே மங்கா எனப்படும் படக்கதை நூல்கள் மிகுதியாக விற்கும் நாடுகளுள் பிரான்சு முன்வரிசையில் நிற்கிறது.

பிலிப்பைன்சில் 'வோல்ட்டெஸ் ஃபைவ்' என்னும் தொடரை 1979-இல் மார்க்கோஸ் தடை செய்தார். கதை முடிவதற்குச் சில வாரங்களே இருந்தன. வன்முறை என்பது சொல்லப்பட்ட காரணம். கொடுங்கோலனை எதிர்த்துப் போராடும் இளைஞர் கதை அது என்பதை அந்நாட்டவர் மறக்கவில்லை. 1986-இல் மார்க்கோஸ் நாட்டைவிட்டு ஓடினார். அத்தொடரோ 2023-இல் அந்நாட்டுக் கலைஞர்களாலேயே மீண்டும் எடுக்கப்பட்டது. தென்கொரியா, அடிமைப்பட்டிருந்த காலத்தின் புண் ஆறாத நிலையில், ஜப்பானிய மக்கள் கலைகளுக்குப் பல பத்தாண்டுகள் கதவடைத்திருந்தது. 1998-இல் குடியரசுத் தலைவர் கிம் டே ஜுங் அக்கதவைப் படிப்படியாகத் திறந்தார். திறந்ததனால் கொரியக் கலை அழியவில்லை. பின்னர் அதுவே உலகெங்கும் பரவியதை நாம் கண்ணாரக் காண்கிறோம்.

நம் நாட்டிலும் 'ஷின்சான்' என்னும் குறும்புக்காரச் சிறுவனின் தொடர் 2008-இல் சிறிது காலம் தடைப்பட்டு, வெட்டும் திருத்தமும் பெற்று மீண்டும் வந்தது. 'டோரேமான்' இன்று நம் இல்லங்களில் அண்டை வீட்டுப் பிள்ளைபோல் நுழைந்து அமர்ந்துவிட்டது. 2025 செப்டம்பரில் 'டீமன் ஸ்லேயர்' திரைப்படம் தமிழிலும் பேசிக்கொண்டு நம் திரையரங்குகளுக்கு வந்தது. கலைகள் ஒருவழிப் பாதையில் செல்வனவும் அல்ல. 'முத்து' திரைப்படம் 1998-இல் டோக்கியோ நகர இரசிகரை மகிழ்வித்ததை நாம் பெருமையுடன் பேசவில்லையா? அவர்கள் நம் ஆட்டத்தைக் கண்டு சீரழிந்துவிட்டார்களா?

பிள்ளைகள் எதைப் பார்க்கின்றனர் என்று பெற்றோர் கவனிக்க வேண்டாம் எனச் சொல்லவில்லை. ஜப்பானியத் திரைச் சித்திரங்களுள் சிறுவருக்கு ஒவ்வாதவை பல உண்டு. அவற்றை விலக்குவது பெற்றோர் கடமை. ஆயினும், அந்நியம் என்பதாலேயே ஒன்றைப் பாவம் என்று தள்ளுவது அறநெறி ஆகாது. அது அறநெறியின் வேடமிட்ட சோம்பல். அந்தச் சோம்பலில் ஆழ்ந்துவிட்டால், கேட்க வேண்டிய கேள்வி கேட்கப்படாமலே போய்விடுகிறது.

பெருமை யாருக்கு?

ஆரவாரத்தின் பேச்சு இன்னும் ஆபத்தானது. அதற்குப் பட்டுச் சால்வை போர்த்தப்பட்டிருக்கிறது. 2002-இல் அமெரிக்க இதழாளர் டக்ளஸ் மெக்ரே, ஜப்பானின் கவர்ச்சியே அதன் புதிய தேசியச் செல்வம் என்ற கருத்தில் ஒரு கட்டுரை எழுதினார். பொருளாதாரத் தேக்கத்தால் சோர்ந்திருந்த ஆட்சியாளருக்கு அது தேனாக இனித்தது. 2013-இல் அரசின் முதலீட்டோடு 'கூல் ஜப்பான்' நிதியம் தொடங்கப்பட்டது. 2016-இல் ரியோ ஒலிம்பிக் நிறைவு விழாவில், ஒரு நாட்டின் தலைமை அமைச்சரான ஷின்சோ அபே, 'சூப்பர் மாரியோ' என்னும் விளையாட்டுப் பாத்திரத்தின் தொப்பியும் உடையும் அணிந்து தோன்றினார். உலகம் கைதட்டியது.

விளைவு என்ன? அந்நிதியம் 2022 மார்ச்சு வரை 3,000 கோடி யென்னுக்கு மேல் இழப்பைச் சுமந்தது. அரசின் கரம் பட்ட இடத்தில் நட்டம். அரசு திரும்பிப் பாராத வரைமேசைகளிலோ செல்வம் பெருகியது. அத்துறையின் சங்கம் தரும் கணக்கின்படி, 2023-இல் அனிமே எனப்படும் ஜப்பானியத் திரைச் சித்திரங்களின் சந்தை 3 இலட்சத்து 34 ஆயிரம் கோடி யென். அதில் பாதிக்கு மேற்பட்ட தொகை வெளிநாடுகளிலிருந்து வந்தது. உலகின் மறுகோடியில் ஒரு சிறுவன் வாங்கும் பொம்மையும், கட்டும் மாதக் கட்டணமும் இத்தொகையில் அடங்கும்.

இப்பெருவெள்ளத்தில் வரைந்தவரின் கலயத்தில் விழுந்த துளி எவ்வளவு? அந்நாட்டு அனிமே படைப்பாளர் சங்கம் 2015-இல் வெளியிட்ட ஆய்வைப் பாருங்கள். இடைச் சித்திரம் வரையும் தொடக்கநிலை ஓவியரின் சராசரி ஆண்டு வருமானம் 11 இலட்சத்து 13 ஆயிரம் யென். டோக்கியோ போன்ற நகரில் இது வாடகைக்கும் உணவுக்கும் போதாத தொகை. துறையினரின் உழைப்போ சராசரியாக மாதத்துக்கு 262 மணி நேரத்தைத் தாண்டியது. 2023-இல் ஜப்பானுக்குச் சென்ற ஐக்கிய நாடுகள் அவையின் வல்லுநர் குழு, 2024-இல் அளித்த அறிக்கையில் அனிமே துறையைப் பெயர் சொல்லியே கண்டித்தது. தொடக்க ஊதியம் ஆண்டுக்கு 15 இலட்சம் யென் அளவுக்குத் தாழ்ந்திருப்பதையும், அளவிறந்த வேலை நேரத்தையும், படைப்பாளரின் உரிமை காக்கப்படாததையும் அது சுட்டிக்காட்டியது. பத்து ஆண்டுகளாகியும் நோய் அதுவே.

குறை பிறந்த கதை

இந்நிலை தானாக வந்ததன்று. மருத்துவம் பயின்று ஓவியரான ஒசாமு தெசுகா, 1963 சனவரி முதல் நாளில் 'டெட்சுவான் அடோம்' என்னும் சிறுவன் கதையைத் தொலைக்காட்சியில் வாரந்தோறும் காட்டத் தொடங்கினார். வாரம் ஒரு படம் என்பது அன்று எண்ணிப் பார்க்கவும் இயலாத வேகம். திரைப்படம் நொடிக்கு 24 சட்டங்களாக ஓடுவது. தெசுகா ஒரே சித்திரத்தை மூன்று சட்டங்களுக்கு நிறுத்தினார். பேசும்போது வாயை மட்டும் அசைத்தார். வரைந்த காட்சிகளைச் சேமித்து மீண்டும் மீண்டும் கையாண்டார். வறுமையிலிருந்து ஒரு புதிய கலைமொழி பிறந்தது. இதை நாம் வியக்கிறோம்.

ஆயினும் அத்தொடரை ஆக்கச் செலவினும் குறைந்த விலைக்கே அவர் தொலைக்காட்சிக்கு விற்றார். இழப்பை மிட்டாய், பொம்மை ஆகியவற்றில் தம் பாத்திரத்தைப் பதிக்கும் உரிமையால் ஈடுகட்டலாம் என்று கணக்கிட்டார். அவருக்கு அது ஓரளவு பலித்தது. ஆனால் அவர் தொடங்கிய முஷி நிறுவனமே 1973-இல் நொடித்துப்போனது. முழுப்பழியையும் மறைந்த ஒருவர்மீது சுமத்துவது அறமன்று. அவருக்குப் பின் வந்தோர் அரை நூற்றாண்டாக அந்தக் குறைந்த விலையை மரபாக்கிக்கொண்டனர் என்பதே நம் குற்றச்சாட்டு.

இன்று ஒரு தொடர் எப்படி உருவாகிறது? தொலைக்காட்சி நிலையம், பதிப்பகம், பொம்மை நிறுவனம், இசைத்தட்டு நிறுவனம், விளம்பர நிறுவனம் ஆகியன 'தயாரிப்புக் குழு' ஒன்றாகக் கூடிப் பணம் போடுகின்றன. படத்தின் உரிமை அக்குழுவுக்கு. படத்தை வரையும் கூடத்துக்கோ குறித்த தொகை மட்டும். படம் உலகெங்கும் ஓடிக் கோடிகள் குவித்தாலும், குழுவில் பணம் போடாத கூடத்துக்கு அதில் பங்கில்லை. அக்கூடம் தன் பங்குக்குத் தனி ஓவியர்களிடம் தாள் கணக்கில் வேலையைப் பகிர்ந்தளிக்கிறது. ஒரு தாளுக்கு 200 யென் என்பது நெடுங்காலமாகப் பேசப்படும் கூலி. கடினமான காட்சியாயினும் எளிய காட்சியாயினும் தாள் ஒன்றுதான். கை நடுங்கினால் வருமானம் நடுங்கும். காய்ச்சல் வந்தால் வருமானம் நிற்கும்.

வேலை கடல் கடந்தும் செல்கிறது. கொரியாவிலும் சீனாவிலும் பிலிப்பைன்சிலும் இடைச் சித்திரங்கள் வரையப்படுகின்றன. வடகொரியக் கணினி வழங்கி ஒன்றில் ஜப்பானியத் தொடருக்கான வரைபணிக் கோப்புகள் கிடந்ததை 2024-இல் ஆய்வாளர் வெளிப்படுத்தினர். ஒப்பந்தத்துக்குள் ஒப்பந்தமாக வேலை இறங்கிச் சென்றதில், யார் வரைகிறார் என்பதே மேலிருப்போருக்குத் தெரியாமற்போயிற்று.

இவ்விடத்தில் ஒரு முரணைக் குறிக்க வேண்டும். 1983-84-இல் ஜப்பானின் என்.எச்.கே. ஒளிபரப்பிய 'ஓஷின்' தொடர் அறுபதுக்கு மேற்பட்ட நாடுகளைச் சென்றடைந்தது. ஏழு வயதில் ஒரு மூட்டை அரிசிக்காக வேலைக்கு அனுப்பப்பட்ட ஏழைச் சிறுமியின் கதை அது. மொழி தெரியாத தாய்மாரும் அவளுக்காக அழுதனர். ஜப்பானியக் கலை உலகின் நெஞ்சைத் தொட்டது, கூலிக்காக வதைபட்ட ஒருத்தியின் துயரத்தால் அன்றோ? கதையில் வரும் கூலிக்காரிக்கு அழும் கண்கள், கதையை வரையும் கூலிக்காரருக்கு ஏன் வறண்டுவிடுகின்றன?

மேடையைச் சூழ்ந்த மௌனம்

வரைமேசையில் காண்பதே இசை மேடையிலும் உண்டு. அங்கே தேய்வது கை மட்டுமன்று, ஆளே தேய்கிறார். 'ஐடல்' எனப்படும் இளம் பாடகரும் ஆடகரும் இரசிகரின் கனவுக்குச் சொந்தமானவர்களாக வளர்க்கப்படுகின்றனர். காதலிக்கலாகாது என்பது பல ஒப்பந்தங்களில் எழுதப்பட்ட விதி. புகழ்பெற்ற ஏ.கே.பி. 48 குழுவின் மினாமி மினேகிஷி, ஓர் இளைஞருடன் இரவைக் கழித்தார் என்று செய்தி வந்ததும், 2013-இல் தலையை மழித்துக்கொண்டு கண்ணீருடன் மன்னிப்புக் கேட்டார். உலகமே கண்ட காட்சி அது. அவர் செய்த குற்றம் யாது?

இதனினும் கொடியது ஜானி கித்தகாவாவின் வரலாறு. 1962-இல் தம் நிறுவனத்தைத் தொடங்கி, ஆண் ஐடல் குழுக்களின் பேரரசராக விளங்கியவர் அவர். தம் பயிற்சியிலிருந்த சிறுவர்களை அவர் பாலியல் கொடுமைக்கு உள்ளாக்கினார் என்று 1999-இல் ஒரு வார இதழ் தொடர்ந்து எழுதியது. நிறுவனம் வழக்குத் தொடுத்தது. 2003-இல் டோக்கியோ உயர் நீதிமன்றம், கொடுமை பற்றிய குற்றச்சாட்டின் முக்கியப் பகுதி உண்மையே என ஏற்றது. 2004-இல் உச்ச நீதிமன்றத்திலும் அது நிலைத்தது. அதன் பின்னும் பெரிய தொலைக்காட்சிகளும் நாளிதழ்களும் வாய் திறக்கவில்லை. அவருடைய பாடகர்கள் இல்லாமல் நிகழ்ச்சி நடத்த அவர்களுக்கு மனமில்லை. 2019-இல் அவர் புகழுடன் அடக்கம் செய்யப்பட்டார். 2023 மார்ச்சில் பி.பி.சி. ஆவணப்படம் வந்தது, பாதிக்கப்பட்டோர் முகம் காட்டிப் பேசினர். நிறுவனமே அமர்த்திய விசாரணைக் குழு, பாதிக்கப்பட்டோர் குறைந்தது பல நூறு பேர் என்றும், ஊடகத்தின் மௌனம் அக்கொடுமை நீள உதவியது என்றும் 2023 ஆகஸ்டில் கூறியது. செப்டம்பரில் நிறுவனம் குற்றத்தை ஒப்புக்கொண்டது.

பெருமை குலையக்கூடாது என்பதற்காகக் காக்கப்படும் மௌனம் எத்தனை குழந்தைகளைப் பலியிடும் என்பதைக் கிறித்தவ உலகமும் கசப்புடன் கற்றிருக்கிறது. ஆகவே இதை அயலார் வீட்டுக் கதையாக நாம் படித்துவிட்டுப் போக இயலாது.

இரு மறுப்புகள்

நம்மோடு வாதிடுவோர் இரண்டு மறுப்புகளை முன்வைப்பர். முதலாவது: அவர்கள் விரும்பித்தானே இப்பணிக்கு வந்தார்கள்? கலை ஆர்வத்துக்குக் கூலி பேசுவதா? இந்த வாதம் காதுக்கு இனியது. உள்ளே நஞ்சு உடையது. ஒருவரின் ஆர்வத்தையே கருவியாக்கி அவரைச் சுரண்டுவதற்கு ஜப்பானிய மொழியிலேயே தனிச் சொற்றொடர் வழங்குகிறது என்றால், நோய் எவ்வளவு பரவியிருக்க வேண்டும்! தொழிலாளி ஒப்புக்கொண்டார் என்பதாலேயே கூலி நீதியானதாகிவிடாது. அது அவருடைய வாழ்வைத் தாங்கவும் வேண்டும் என்று திருத்தந்தை பதின்மூன்றாம் சிங்கராயர் 1891-இல் தம் 'ரேரும் நொவாரும்' மடலில் கற்பித்தார். ஆலைத் தொழிலாளருக்கு அன்று பொருந்திய அந்நெறி தூரிகைத் தொழிலாளருக்கு இன்று பொருந்தாதோ?

இரண்டாவது மறுப்பு: நியாயமான ஊதியம் தந்தால் இத்தொழிலே நசிந்துவிடும். இதற்கு மறுமொழி கியோத்தோ நகரருகே இருக்கிறது. முஷி நிறுவனத்தில் வண்ணம் தீட்டும் பணி செய்திருந்த யோகோ ஹத்தா, 1981-இல் அண்டை வீட்டு இல்லத்தரசிகளைச் சேர்த்து வண்ணம் தீட்டத் தொடங்கினார். அதுவே 'கியோத்தோ அனிமேஷன்' என வளர்ந்தது. தாள் கணக்கை விட்டு மாத ஊதியம் கொடுத்தது. தன் கலைஞரைத் தானே பயிற்றியது. பெண்களுக்கு முதன்மை இடம் அளித்தது. படங்களின் தரம் தாழ்ந்ததா? உலகம் வியக்கும் தரமே கிடைத்தது. 2019 சூலை 18-இல் ஒருவன் அங்கு வைத்த தீயில் 36 பேர் மாண்டனர். உலகெங்கிலுமிருந்து மலரும் பணமும் குவிந்தன. நிறுவனம் மீண்டும் எழுந்து படங்களை ஆக்கி வருகிறது. ஊதியம் கொடுத்தும் உயர்ந்த கலை படைக்க முடியும் என்பதற்கு இதனினும் சான்று வேண்டுமா?

தனித்துப் பணிபுரிவோரைக் காக்கும் சட்டம் ஒன்று 2024 நவம்பரில் ஜப்பானில் நடைமுறைக்கு வந்திருக்கிறது. வரவேற்கிறோம். ஆனால் பார்ப்போர் கேளாதவரை, சட்டப் புத்தகம் ஒன்றே வரைமேசைக்கு நீதி கொண்டுவராது.

நாம் கேட்க வேண்டியது

இதெல்லாம் ஜப்பானியர் பாடு. நமக்கென்ன என்று சிலர் கருதக்கூடும். இக்கலை நம் திருச்சபையின் முற்றத்துக்கும் வந்துவிட்டது. இத்தாலியின் 'ராய்' தொலைக்காட்சியும் தெசுகாவின் நிறுவனமும் இணைந்து பழைய ஏற்பாட்டுக் கதைகளைத் திரைச் சித்திரமாக்கின. 1989-இல் தெசுகா மறைந்த பின்னும் பணி நிறைவேறியது. 2024 அக்டோபரில் வத்திக்கான், 2025 யூபிலி ஆண்டுக்கென 'லூச்சே' என்னும் சிறுமியின் உருவத்தை வெளியிட்டது. மஞ்சள் மழையங்கியும் சேறு படிந்த காலணியும் திருப்பயணியின் கோலும் கொண்ட அவளை வரைந்தவர் இத்தாலியர். ஆயினும் அவ்விழிகள் அனிமே விழிகளே என்பது பார்த்தவுடன் விளங்கும். அது விசுவாசத்துக்கு இழுக்கு என்று சிலர் சினந்தனர். நாம் சினக்கவில்லை. விழி பெரிதாக இருப்பதால் விசுவாசம் சிறுத்துவிடாது. அந்தப் பாணியை உருவாக்கி வளர்த்த ஆயிரக்கணக்கான கைகளை நினையாமல் பாணியை மட்டும் எடுத்துக்கொள்வதே நமக்கு இழுக்கு.

ஆகவே பெற்றோரைக் கேட்டுக்கொள்கிறோம். 'என்ன பார்க்கிறாய்?' என்று பிள்ளையிடம் வினவுவதோடு நிறுத்தாதீர்கள். 'இதை வரைந்தவர் யார்?' என்றும் வினவுங்கள். படம் முடிந்து பெயர்கள் ஓடும்போது தொலைக்காட்சியை அணைக்காதீர்கள். அப்பெயர்களுள் இரவு முழுதும் விழித்தவர் இருக்கிறார். நம் பிள்ளைகளுக்காகத் தமிழில் குரல் கொடுத்தவரின் பெயர் அங்கே இடம்பெறுகிறதா என்றும் பாருங்கள். திருட்டுப் பதிவில் பார்ப்பதை இளையோர் திறமை எனக் கருதினால், கடைசியில் இருப்பவரின் பிச்சைக் காசையும் பறிப்பது அது என்று எடுத்துச் சொல்லுங்கள். கட்டணம் செலுத்திப் பார்ப்போர், தம் பணம் வரைமேசை வரை செல்கிறதா என்று நிறுவனங்களைக் கேட்கட்டும். இரசிகர் மன்றங்கள் பாத்திரங்களின் பிறந்த நாளைக் கொண்டாடுவதோடு, ஓவியரின் ஊதியத்தைப் பற்றியும் பேசட்டும்.

பங்குத்தளங்களில் திருவிழாச் சுவரொட்டி வரைபவருக்கும், நாடகத்துக்குத் திரை தீட்டுபவருக்கும், மறைக்கல்விப் புத்தகத்துக்குப் படம் போடும் இளைஞருக்கும் 'கடவுளுக்காகச் செய்கிறாய்' என்று சொல்லி வெறுங்கையுடன் அனுப்பும் வழக்கம் நம்மிடையே இருக்குமாயின், டோக்கியோவைக் கண்டிக்கும் தகுதி நமக்கு இல்லை. அக்கூலியை வரும் ஞாயிற்றுக்கிழமைக்குள் கொடுத்துவிட்டு, அதன் பின் உலகத்திடம் நீதி கேட்போம்.